சலாம் கொடுக்கிற வரைக்கும் காத்திருங்க, எடிட்டர் சார்

முஸ்லிம்களைப் பற்றின டாக்குமெண்டரி எதை வேணும்னாலும் எடுத்துப் பாருங்க. நான் பார்த்த வரைக்கும் பெரும்பாலான படங்களில் முதல் பத்து நிமிஷத்துக்குள்ள ஒரு தொழுகை ஷாட் வந்துடும். கேமரா பின்னாடி இருக்கும். வரிசையா முதுகுகள். எல்லாரும் ஒரே நேரத்துல குனிவாங்க, நிமிருவாங்க, சஜ்தாவுக்குப் போவாங்க. நெற்றி தரையில படும். அவ்வளவுதான், கட்! அடுத்த ஷாட்ல வேற எங்கேயோ போயிருப்போம்.

தொழுகை எப்படி முடியும்னு தெரியாதவங்களுக்காகச் சொல்றேன். கடைசி இருப்புல உட்கார்ந்து, முகத்தை வலது பக்கம் திருப்பி 'அஸ்ஸலாமு அலைக்கும் வரஹ்மத்துல்லாஹ்' சொல்லணும். அப்புறம் இடது பக்கம் திருப்பி அதையே சொல்லணும். உங்க மேல சாந்தியும் இறைவனோட கருணையும் உண்டாகட்டும்னு அர்த்தம். அதுவரைக்கும் முதுகா இருந்தவங்களுக்கு அந்த இடத்துலதான் முகம் வருது. அதுக்கப்புறம் பாருங்க, ஒருத்தர் கொட்டாவி விடுவார். ஒருத்தர் கைலியைச் சரி பண்ணுவார். சின்னப் பையன் ஒருத்தன் அவங்க அத்தா முதுகுல ஏறுவான். வெளியில வெச்ச செருப்பு இருக்கான்னு ஒருத்தர் எட்டிப் பார்ப்பார் (இவர் உலகத்துல எல்லாப் பள்ளிவாசல்லயும் இருக்கார்).

அந்த இடம் ஏன் வெட்டப்படுது? இந்தப் பதிவே அதைப் பத்தினதுதான்.

முதல்ல ஒண்ணு சொல்லிடறேன். நான் எடிட்டர் இல்லை. கம்ப்யூட்டர்ல வெட்டி ஒட்டிப் பழகின ஆசாமி, அவ்வளவுதான். சொந்தக்காரங்க நிக்காஹ் வீடியோ நாலைஞ்சு என் கைவண்ணம். நம்ம வீட்டு ஆளுங்க அந்த வீடியோவை எப்படிப் பார்ப்பாங்கன்னு உங்களுக்கே தெரியும். மாப்பிள்ளை பொண்ணெல்லாம் அப்புறம். முதல்ல தன் முகம் எத்தனை விநாடி வந்திருக்குன்னு எண்ணுவாங்க. ஒரு மாமி 'நான் பந்தியில பரிமாறினது ஒண்ணு கூட வரலையே, சாப்பிட்டது மட்டும் வந்திருக்கு' என்று வருஷக்கணக்கா வழக்கு நடத்திட்டிருக்காங்க. எனக்கு அது ரொம்ப நியாயமான வழக்காத்தான் படுது. ரெண்டும் நடந்தது. ரெண்டும் நிஜம். எதை வெச்சு எதை எடுக்கறாங்கன்றதுல ஒரு மனுஷியோட குணமே மாறிடுது.

டாக்குமெண்டரின்னா உண்மை, சினிமான்னா பொய்னு ஒரு நினைப்பு நம்மகிட்ட இருக்கு. ரஷ்யாக்காரர் லெவ் குலெஷோவ் செஞ்ச பரிசோதனை சினிமா ஆர்வமுள்ள பதிவர்களுக்குத் தெரிஞ்சிருக்கும். மோசுகின் என்ற நடிகரோட சலனமில்லாத ஒரே முகம். அதோட பக்கத்துல சூப் கிண்ணத்தை ஒட்டினா பசி தெரியுது. குழந்தையோட சவப்பெட்டியை ஒட்டினா துக்கம் தெரியுது. பொண்ணை ஒட்டினா ஆசை தெரியுது. முகம் மாறவே இல்லை. இது நடந்து நூறு வருஷமாச்சு. இப்ப அந்த முகத்துக்குத் தாடியும் தொப்பியும் வெச்சு, பக்கத்துல எரியற கட்டடத்தை ஒட்டிப் பாருங்க. யாரும் பொய் சொல்லலை. தாடி நிஜம், கட்டடம் எரிஞ்சதும் நிஜம். நடுவுல இருக்கிற அந்தக் கோடு மட்டும்தான் எடிட்டரோடது.

சத்தத்துக்கு வருவோம். இதுதான் எனக்கு ரொம்ப எரிச்சல். ஊரை உயரத்துல இருந்து காட்டினா உடனே பாங்கு சத்தம் வரணும். காட்சி வர்றதுக்கு ஒரு விநாடி முன்னாடியே சத்தம் வந்துடும், எடிட்டிங் பாஷையில ஜே கட். 'நாம இப்ப வேற உலகத்துக்குள்ள நுழையறோம், பத்திரம்' என்று காதுல சொல்ற வேலை அது. தெரிஞ்சவர் ஒருத்தரோட எடிட்டிங் ரூம்ல ஒரு தடவை உட்கார்ந்திருந்தேன். கடலோர ஊர் ஒண்ணைப் பத்தின சின்னப் படம். உச்சி வெயில்ல மீன் காயற காட்சி. அதுக்கு மேல சவுண்ட் லைப்ரரியிலிருந்து ஒரு பாங்கை இழுத்துப் போட்டாங்க. கேட்கிறேன், 'அஸ்ஸலாத்து கைரும் மினன் நவ்ம்' என்று வருது! தூக்கத்தை விடத் தொழுகை மேலானதுன்னு அர்த்தம். அது சுபுஹு பாங்குல, விடியக்காலையில மட்டும்தான் சொல்வாங்க. மதியம் பன்னிரண்டு மணிக்கு ஊரை எழுப்பிட்டிருக்கார் மோதினார். ராகமும் எங்க பக்கத்து ராகம் இல்லை. சொன்னேன். 'யாருக்குப் பாஸ் தெரியப்போகுது'ன்னு பதில் வந்தது. யாருக்குத் தெரியப்போகுதுன்னா, அந்தப் படத்துல இருக்கிற அத்தனை பேருக்கும் தெரியும். அவங்க பார்வையாளர் கணக்குல வரலை, அவ்வளவுதான்.

'அல்லாஹு அக்பர்' கணக்கு இன்னும் மோசம். ஐந்து வேளைக் கட்டாயத் தொழுகையில மட்டும் ஒரு நாளைக்கு 94 தடவை அந்த வார்த்தை வரும். சந்தேகம் இருந்தா எண்ணிப் பாருங்க: ரெண்டு ரக்அத்துக்கு 11, மூணுக்கு 17, நாலுக்கு 22. சுபுஹு 11, மஃக்ரிப் 17, மத்த மூணு வேளைக்கும் 22 வீதம் 66. இது போக பாங்குல, நல்ல சேதி கேட்டா, குழந்தை பிறந்தா காதுலன்னு தனிக்கணக்கு. என் நன்னி தும்மினாலும் இருமினாலும் இறைவன் பேரைத்தான் சொல்வாங்க. ஆனா திரையில அந்தச் சொல் வந்தா அடுத்த ஷாட் துப்பாக்கியாத்தான் இருக்கும்னு உலகம் முழுக்கப் பழக்கிட்டாங்க. பழக்கினது யார்? வெட்டி ஒட்டினவங்கதான்.

(இடைச்செருகல்: பின்னணியில நாதஸ்வரம் அழுத மாதிரி ஒரு குழல் இழுக்கும் பாருங்க, பாலைவனம், முக்காடு, மினாராவெல்லாம் வந்தா. அது பெரும்பாலும் துதுக். ஆர்மீனியா நாட்டு வாத்தியம். நாலாம் நூற்றாண்டு ஆரம்பத்துலேயே கிறிஸ்தவத்தை அரச மதமா ஏத்துக்கிட்ட நாடு அது! 'கிளாடியேட்டர்' 2000-ல வந்து ஓடினதுக்கப்புறம் அந்தக் குழல் எல்லா அரபு காட்சிக்கும் ஒட்டிக்கிச்சு. ஆர்மீனியாக்காரங்க என்ன நினைக்கிறாங்கன்னு யாராவது கேட்டுச் சொல்லுங்கப்பா.)

சரி, அப்ப நல்லாச் செஞ்சவங்களே கிடையாதான்னு கேப்பீங்க. இருக்காங்க.

'நியூ முஸ்லிம் கூல்' 2009-ல வந்த அமெரிக்கப் படம். ஜெனிஃபர் மேடோரீனா டெய்லர் எடுத்தது. ஹம்சா பெரெஸ்னு ஒருத்தர், போர்ட்டோ ரிக்கோ வம்சாவளி, பழைய போதை வியாபாரி, இஸ்லாத்துக்கு வந்து ராப் பாடறவர். பிட்ஸ்பர்க்ல பள்ளிவாசல் ஆரம்பிக்கிறார், ரெண்டாம் கல்யாண வாழ்க்கையைத் தொடங்கறார். படம் எடுத்துக்கிட்டிருக்கும்போதே அந்தப் பள்ளிவாசல்ல எஃப்.பி.ஐ. சோதனை நடந்தது. யோசிச்சுப் பாருங்க, ஒரு எடிட்டர் கையில இப்படி ஒரு அல்வா. முதல் காட்சியா வெச்சு, 'இதற்கு ஆறு மாதங்களுக்கு முன்பு' என்று கார்டு போட்டா படம் பறக்கும். தயாரிப்பாளர் கட்டிப்பிடிச்சு முத்தம் கொடுப்பார். அவங்க அப்படிச் செய்யலை. சோதனை எப்ப வந்ததோ அப்பத்தான் படத்துலயும் வருது. அதுக்குள்ள நமக்கு அந்த ஆளைத் தெரிஞ்சிருக்கும். பிள்ளைகளோட விளையாடற, ஜெயில்ல கைதிகளுக்குப் பாடம் சொல்லப் போற மனுஷனைத் தெரிஞ்சிருக்கும். அதனால சோதனை நடக்கும்போது 'இவன் என்ன பண்ணினானோ' என்று தோணாது. 'இவருக்கா?' என்று தோணும். காட்சி அதேதான். இடம்தான் வேற.

'தி லைட் இன் ஹெர் ஐஸ்' 2011-ல வந்தது, ஜூலியா மெல்ட்சரும் லாரா நிக்ஸும் எடுத்தது. டமாஸ்கஸ்ல ஹூதா அல்-ஹபஷ் என்கிற அம்மா பொம்பளைப் பிள்ளைகளுக்குக் குர்ஆன் பள்ளிக்கூடம் நடத்தறாங்க, பதினேழு வயசுல ஆரம்பிச்சது. சிரியாவுல கலவரம் வெடிக்கிறதுக்குக் கொஞ்சம் முன்னாடி எடுத்த படம். படம் வெளிவர்றப்ப ஊரே பத்தி எரியுது. அப்படியிருந்தும் படம் பள்ளிக்கூடத்தை விட்டு நகரலை. கோடை விடுமுறை, பிள்ளைங்க ஓதறாங்க, தப்பா ஓதினா அந்த அம்மா திருத்தறாங்க. முற்போக்குவாதிகளும் பழமைவாதிகளும் ஒரே நேரத்துல நெளியற மாதிரி ஒரு பொம்பளை. முக்காட்டை விட்டுக்கொடுக்க மாட்டாங்க, பொண்ணுங்க படிப்பையும் விட்டுக்கொடுக்க மாட்டாங்க. இவங்களை எந்த டப்பாவுல போடறதுன்னு படம் நமக்குச் சொல்லித் தராது. எனக்கு இதுல பிடிச்சதே அதுதான்.

'குர்ஆன் பை ஹார்ட்', இதுவும் 2011. கிரெக் பார்க்கர் எடுத்து ஹெச்.பி.ஓ.வில் வந்தது. கெய்ரோவுல நடக்கிற உலக அளவிலான கிராஅத் போட்டி. செனகல், தஜிகிஸ்தான், மாலத்தீவுல இருந்து மூணு பத்து வயசுப் பிள்ளைங்க. மூணு பேருக்கும் அரபி பேசத் தெரியாது, ஆனா முழுக் குர்ஆனும் மனப்பாடம். இதுல பாதி எனக்குப் பிடிக்கும், பாதி பிடிக்காது. போட்டிப் படத்தோட அச்சு அப்படியே இருக்கு: யார் ஜெயிப்பா, நெஞ்சு படபடப்பு, நடுவர் முகம். ஆனா ஒரு விஷயத்துக்காக எல்லாத்தையும் மன்னிக்கலாம். பிள்ளைங்க ஓதும்போது கேமரா முன்னாடி இருக்கு! முகம் தெரியுது. பயம் தெரியுது, மறந்துபோய் முழிக்கிறது தெரியுது. மாலத்தீவுப் பொண்ணுக்கு கணக்கும் அறிவியலும் உயிர். அப்பாவுக்கோ மகளை இல்லத்தரசியாக்கணும்னு திட்டம். அந்த அப்பாவை வில்லனாக்காம, பேசி முடிக்க விட்டிருக்காங்க. அவர் பேசி முடிச்சதுக்கப்புறம்தான் எனக்குக் கோபமே வந்தது. பாதியில வெட்டியிருந்தா டைரக்டர் மேல கோபம் வந்திருக்கும்.

இந்த இடத்துல சில நண்பர்கள் என்ன கேப்பாங்கன்னு தெரியும். 'அப்ப உங்களுக்கு விளம்பரப் படம் வேணும். நல்லதா மட்டும் காட்டணும். கெட்டதே இல்லையா உங்க ஆளுங்ககிட்ட?' இருக்கு சாமி, நிறைய இருக்கு. அதைக் காட்டின நல்ல படமும் இருக்கு.

'அமங் தி பிலீவர்ஸ்', 2015. ஹேமல் திரிவேதி, முகமது அலி நக்வி ரெண்டு பேரும் சேர்ந்து இயக்கினது. திரிவேதி இந்தியாவுல பிறந்தவர், அடிப்படையில எடிட்டர். 2008 மும்பைத் தாக்குதல்ல நண்பரைப் பறிகொடுத்தவர். கோபத்தோட ஆரம்பிச்ச தேடல்னு அவரே சொல்லியிருக்கார். இஸ்லாமாபாத் லால் மஸ்ஜித், அதோட தலைவர் அப்துல் அஜீஸ் காஜி, அவரோட மதரசாக்கள். கொஞ்சமும் தயவு தாட்சண்யம் இல்லாத படம். பாகிஸ்தான்ல 2016-ல தடையே போட்டாங்க. ஆனா இந்தப் படத்தை முஸ்லிம் விரோதப் படம்னு என்னால சொல்ல முடியலை. ஏன்னா காஜிக்கு எதிரா நிக்கிறவங்களும் அதே படத்துல அதே தொழுகை தொழறாங்க. மதரசாவுல இருந்து தப்பி வந்து பள்ளிக்கூடம் போற சின்னப் பொண்ணு. மகனை மதரசாவுல இருந்து திருப்பிக் கூட்டிட்டு வரப் பார்க்கிற அத்தா, அவரும் தாடி வெச்ச பக்திமான்தான். ஊருக்குப் பள்ளிக்கூடம் கட்டித் தர்ற பெரிய மனுஷர். அந்த அத்தாவோட காட்சிகளை எடுத்துட்டா படம் நாலைஞ்சு நிமிஷம் குறையும், இன்னும் 'விறுவிறுப்பா' ஆகும். அப்ப மதம் முழுக்க ஒரு பக்கம், மனுஷத்தன்மை முழுக்க இன்னொரு பக்கம்னு ஆயிருக்கும். விமர்சனத்துக்கும் வெறுப்புக்கும் நடுவுல இருந்தது அந்த நாலைஞ்சு நிமிஷம்தான்.

இதுக்கு நேர் எதிர்னு பலர் சொன்ன படம் 'ஜிஹாத் ரீஹாப்'. 2022 ஜனவரியில சன்டான்ஸ் விழாவுல வந்தது. இயக்கினவர் மெக் ஸ்மேக்கர். முன்னாள் தீயணைப்பு வீராங்கனை, யேமன்ல வாழ்ந்தவர், அரபி பேசத் தெரிஞ்சவர். அதனால 'ஒண்ணும் தெரியாத வெள்ளைக்காரி' என்று தள்ள முடியாது. குவான்டனாமோவுல வருஷக்கணக்கா இருந்துட்டு, சவூதி மறுவாழ்வு மையத்துக்கு மாத்தப்பட்ட யேமன்காரங்களைப் பத்தின படம். இருநூறுக்கும் மேற்பட்ட படைப்பாளிகள் எதிர்த்துக் கையெழுத்துப் போட்டாங்க. எக்ஸிக்யூட்டிவ் புரொட்யூசர் அபிகெய்ல் டிஸ்னி பகிரங்கமா மன்னிப்புக் கேட்டார். இன்னொரு பெரிய விழா கொடுத்த அழைப்பைத் திரும்ப வாங்கிக்கிச்சு. பேரையும் 'தி அன்ரிடாக்டட்'னு மாத்தினாங்க. ஆதரிச்சவங்களும் இருந்தாங்க, படம் அந்த மனுஷங்க மேல பரிவைத்தான் உண்டாக்குதுன்னு.

விழாக்கள் கதவைச் சாத்தினது எனக்கு ஒப்புதல் இல்லை. பார்த்துட்டுத் திட்டறதுதான் நம்ம பழக்கம். ஆனா எதிர்த்தவங்க எழுப்பின ரெண்டு கேள்வி எடிட்டிங் மேஜையைச் சேர்ந்தவை. ஆளை அறிமுகப்படுத்தும்போது அமெரிக்க அரசு அவங்க மேல சொன்ன குற்றச்சாட்டை எழுத்தா திரையில போடறது முதல் கேள்வி. கோர்ட்டு, விசாரணை, தீர்ப்பு எதுவும் இல்லை. குவான்டனாமோவுக்கு மொத்தம் சுமார் 780 பேரைக் கொண்டு போனாங்க, அதுல தண்டனை வரைக்கும் போனது விரல் விட்டு எண்ணற அளவு. கேமரா ஒருத்தரோட சோகத்தை ஒன்றரை மணி நேரம் காட்டட்டும், பேருக்குக் கீழே நாலு விநாடி வந்த எழுத்து எல்லாத்தையும் தின்னுடும். ரெண்டாவது, காவல்ல இருக்கிறவன் 'சரி, படம் எடுத்துக்கோங்க' என்று சொன்னா அது சம்மதமா? வெளியே வந்ததுக்கப்புறம் அவன் வேண்டாம்னு சொன்னா எடிட்டர் என்ன செய்யணும்? ஷூட்டிங் முடிஞ்சுபோச்சு, ஆனா டைம்லைன்ல அவன் இன்னும் கைதிதான். அவனை வெளியே விடற சாவி எடிட்டர் கையில இருக்கு. இதுல நான் எதிர்த்தவங்க பக்கம்.

முகத்தை மறைக்கிற விஷயத்துக்கும் இதுக்கும் சம்பந்தம் இருக்கு. பர்வேஸ் சர்மாவோட 'எ ஜிஹாத் ஃபார் லவ்' (2007) ஓரினச்சேர்க்கையாளர்களா இருக்கிற முஸ்லிம்களைப் பத்தினது. சர்மாவும் அவங்கள்ல ஒருத்தர், இந்தியாவுல பிறந்தவர். 12 நாடு, 9 மொழி, 400 மணி நேரம் எடுத்த காட்சி. படமோ ஒன்றரை மணி நேரத்துக்கும் குறைவு. நூத்துல ஒரு பங்கு கூடத் தேறலை! பலரோட முகம் தெரிஞ்சா உயிருக்கே ஆபத்து. அதனால மறைச்சாங்க. இதுல தப்பு சொல்ல ஒண்ணுமில்லை. ஆனா டி.வி.யில முகத்தை மங்கலாக்கிக் காட்டறது யாரை? போலீஸ் பிடிச்சுட்டுப் போற ஆளை. பார்க்கிற கண்ணுக்கு மங்கல்னாலே குத்தம்னு பழகிப் போச்சு. அதுக்கு மாத்து கையைக் காட்டறது, ஜன்னல்ல விழற நிழலைக் காட்டறது, தொழறப்ப தரையில படற விரல்களைக் காட்டறது. அந்தப் படத்துல இருக்கிறவங்க மதத்தை விட்டுட்டு வந்தவங்க இல்லை. விட மாட்டேன்னு பிடிவாதமா நிக்கிறவங்க. நோன்பு வெக்கிறவங்க. அதை மங்கலாக்காம வெச்சதுதான் படத்தோட பலம். படம் சொல்றதோட உடன்படாத ஹஜ்ரத்மார்கள் நிறைய பேர் இருப்பாங்க, என் வீட்டுலயே இருக்காங்க. அவங்ககிட்ட நான் சொல்றது, 'அவங்க அழுது துஆ கேட்கிற காட்சியை முழுசாப் பாருங்க, அப்புறம் பேசுவோம்' என்பதுதான்.

கடைசியா மொழி. நம்ம பதிவர்களுக்கு இது புரியும், ஏன்னா தினமும் அதோட மல்லுக்கட்டறவங்க நாம.

இந்த மாதிரிப் படங்கள்ல எடிட்டருக்குப் பெரும்பாலும் அந்த மொழி தெரியாது. யாரோ மொழிபெயர்த்துக் கொடுத்த ஆங்கிலத் தாளை வெச்சுக்கிட்டுத்தான் வெட்டுவார். தாள்ல வாக்கியம் எங்கே முடியுதோ அங்கே கத்தி. இப்ப நம்ம மொழியைப் பாருங்க. வினை கடைசியில வரும். 'இல்லை'யும் கடைசியிலதான் வரும். 'பொம்பளைங்க பள்ளிவாசலுக்கு வரக்கூடாதுன்னு நான் எப்பவும் சொன்னதில்லை' என்று ஒரு முத்தவல்லி சொல்றார்னு வெச்சுக்குவோம். கடைசி ரெண்டு சொல்லுக்கு முன்னாடி வெட்டினா என்ன ஆகும்? உருதுலயும் துருக்கியிலயும் இதே வில்லங்கம்தான், எல்லாம் கடைசியில. வேணும்னே பண்ணணும்னு அவசியமே இல்லை. மொழி தெரியாத ஒருத்தர், ராத்திரி ரெண்டு மணி, 52 நிமிஷத்துக்குள்ள படத்தை அடைக்கணும்னு சேனல் கழுத்துல உட்கார்ந்திருக்கு. ஒண்ணரை விநாடி மிச்சம் பண்றார். ஒரு மனுஷன் தன் ஊர்ல தலை காட்ட முடியாமப் போறான்.

சப்டைட்டில் இன்னொரு சிக்கல். ஒரு வரிக்கு நாற்பது எழுத்துக்குள்ள, ரெண்டு வரிக்கு மேல போகக்கூடாது. எங்க வீட்டுல 'நன்னா மௌத்தாப் போயிட்டாங்க' என்று சொன்னா அதுல துக்கம், மரியாதை, இறைவன்கிட்ட திரும்பிப் போறதுங்கற நம்பிக்கை எல்லாம் இருக்கு. ஆங்கிலத்துல 'இறந்தார்', முடிஞ்சுபோச்சு. ஆனா 'ஜிஹாத்', 'ஷரியா' மாதிரிச் சொல் வந்தா மட்டும் மொழிபெயர்க்க மாட்டாங்க! அதை அப்படியே விட்டுடுவாங்க. மென்மையான சொல்லெல்லாம் மொழிபெயர்ந்துடுது, பயமுறுத்தற சொல் மட்டும் அரபியிலயே நிக்குது. இது எப்படிங்க?

நம்ம ஊர்லேயே ஒரு படம் இருக்கு. தீபா தன்ராஜ் எடுத்த 'இன்வோக்கிங் ஜஸ்டிஸ்', 2011. புதுக்கோட்டை தாவூத் ஷரீஃபா கானம் 2004-ல ஆரம்பிச்ச பெண்கள் ஜமாஅத்தைப் பத்தினது. ஊர் ஜமாஅத்துல ஆம்பளைங்க மட்டும் உட்கார்ந்து தலாக், ஜீவனாம்சம், அடி உதை எல்லாத்துக்கும் தீர்ப்புச் சொல்வாங்க. சம்பந்தப்பட்ட பொண்ணு தன் பக்கத்தைச் சொல்லக்கூட உள்ளே வர முடியாது. அதைக் கேள்வி கேட்ட பொம்பளைங்க தாங்களே ஒரு ஜமாஅத் வெச்சாங்க. 12 மாவட்டம், 12,000 உறுப்பினர்னு வளர்ந்ததா படத்தோட அறிமுகக் குறிப்பு சொல்லுது. சந்தேகத்துக்கிடமான ஒரு பொண்ணோட சாவைப் பத்தி இவங்களே துருவித் துருவி விசாரிக்கிறதும் படத்துல உண்டு.

இதை வெளிநாட்டுல பார்க்கிறவங்களுக்கு 'இஸ்லாத்தை எதிர்க்கிற வீரப் பெண்கள்'னு ஒரு வரியில சுருக்கிக் கொடுக்கிறது ரொம்ப ஈஸி. ஆனா அந்தப் பொம்பளைங்க பேசறதை நம்ம காதால கேளுங்க. குர்ஆன்ல எங்களுக்கு இந்த உரிமை இருக்கே, நீங்க ஏன் தரலைன்னு கேக்கறாங்க. மதத்தை வெச்சே ஜமாஅத்தைக் கேள்வி கேக்கறாங்க. அடையாளத்தை விட்டுட்டு வந்து அல்ல, அதுக்குள்ளேயே சம்மணம் போட்டு உட்கார்ந்துக்கிட்டு. அந்தத் தொனி, அந்தக் குத்தல், நடுவுல வர்ற சிரிப்பு இதெல்லாம் நாற்பது எழுத்துல அடங்கவே அடங்காது. தமிழ் தெரிஞ்சவங்களுக்கு மட்டும் இந்தப் படத்துல ஒரு தனிப் படம் கிடைக்குதுன்னு சொல்வேன்.

பார்க்காதவங்க தேடிப் பிடிச்சுப் பாருங்க. கீழே ஓடற எழுத்தை ஒரு துண்டுத் தாள் ஒட்டி மறைச்சுட்டுப் பாருங்க. புதுக்கோட்டைப் பக்கத்துத் தமிழ் கொஞ்சம் வேகமாத்தான் வரும், ரெண்டாவது தடவை பிடிபட்டுடும்.